ஊக்கப் போதையும் உள்ளத்து மருந்தும்

போதைக்கு அடிமையாவதை அரபு மொழி ‘இத்மான்’ என்னும் சொல்லால் குறிக்கின்றது. இச்சொல்லின் வேரில் மயக்கம் என்ற பொருளே இல்லை. விடாது தொடர்தல் என்பதே அதன் பொருள். ஒன்றைப் பற்றிக்கொண்டு நாள்தோறும் அதனையே செய்து வருபவன் ‘முத்மின்’ எனப்படுவான். மதுவைப் பற்றிய நபிமொழிகளில் இச்சொல் வருவதை அரபு பயின்றோர் அறிவர். பண்டைய அரபிகள் இந்நோயின் உயிர்நிலையைத் தலைசுற்றலில் காணாமல் தொடர்ச்சியில் கண்டார்கள் என்பது எண்ணி எண்ணி வியக்கத்தக்கதாகும். ஏனெனில், மயக்கமே தராத போதைகளும் உலகில் உண்டு. அவற்றைக் குறித்தே இக்கட்டுரை.

கொக்கேன், ஆம்பெட்டமின், மெத்தாம்பெட்டமின் முதலியவற்றை இன்றைய அரபு மருத்துவ நூல்கள் ‘முனஷ்ஷிதாத்’ என்கின்றன. ‘நஷாத்’ என்றால் சுறுசுறுப்பு. நாம் இவற்றை ஊக்கப் போதை என்று சொல்லலாம். மதுவும் அபினும் மனிதனைச் சாய்த்துப் படுக்கவைக்கும். இவையோ அவனை எழுப்பி உட்காரவைக்கும். பசி தெரியாது, உறக்கம் வராது, களைப்பு அணுகாது. பேச்சு பெருகும், தன்னால் ஆகாதது ஒன்றுமில்லை என்னும் எண்ணம் தலைக்கேறும். இதனால்தான் நம் குடும்பங்கள் இந்நோயை இனங்கண்டுகொள்ளப் பல மாதங்கள் ஆகின்றன. பிள்ளையின் வாயில் வாடை இல்லை. நடையில் தள்ளாட்டம் இல்லை. இரவெல்லாம் விளக்கெரிய விழித்திருக்கிறான். பிள்ளை படிக்கிறான் என்று வாப்பா மகிழ்கிறார், வேலை மிகுதி போலும் என்று உம்மா இரங்குகிறார். உடல் மெலிந்து, காரணமின்றிச் சினந்து, யாரோ தன்னை வேவு பார்ப்பதாக அவன் கதவிடுக்கில் கண்வைத்து நிற்கும் நாளில்தான் உண்மை வெளிப்படுகிறது.

காலையில் காபி பருகிவிட்டு இதைப் படிக்கும் வாசகர், காபியும் ஊக்கந்தருவதுதானே என்று கேட்கலாம். அக்கேள்வி மிகப் பழையது. 1511-ஆம் ஆண்டு மக்காவில் மம்லூக் அரசின் அதிகாரியாயிருந்த காயிர் பேக், ஆலிம்களையும் மருத்துவர்களையும் கூட்டிக் காபிக்குத் தடை விதித்தார். கெய்ரோவிலிருந்த சுல்தான் அத்தடையை முழுமையாக ஏற்கவில்லை. நாளடைவில் அது மறைந்துபோயிற்று. 1558-இல் அப்துல் காதிர் அல்-ஜஸீரீ என்னும் அறிஞர் காபி ஆகுமானதே என நிறுவி ஒரு நூலே எழுதினார். அறிவை மறைக்கிறதா, மனிதனைக் கேட்டிற்கு இழுக்கிறதா என்பதே அன்றைய ஃபிக்ஹு அறிஞர்கள் கையிலெடுத்த அளவுகோல். விழிப்பைத் தருகிறது என்ற ஒன்றினாலேயே எதையும் அவர்கள் விலக்கிவிடவில்லை. அந்த அளவுகோலில் காபி தேறியது; நாம் பேசவந்த பொருள்கள் தேறமாட்டா.

இவற்றின் வரலாறு மருத்துவர்களின் மேசையிலிருந்தே தொடங்குகிறது. 1860-இல் ஆல்பர்ட் நீமன் என்னும் ஜெர்மானிய வேதியியலார் கோக்கா இலையிலிருந்து கொக்கேனைப் பிரித்தெடுத்தார். 1884-இல் வியன்னாவில் இளம் மருத்துவராயிருந்த சிக்மண்ட் ஃபிராய்ட் அதனைப் புகழ்ந்து ஒரு கட்டுரை வரைந்தார். பின்னாளில் உளநூல் மேதை என்று உலகம் கொண்டாடிய அதே ஃபிராய்ட்தான். மார்ஃபின் என்னும் அபின் சத்துக்கு அடிமையானவர்களைக் கொக்கேனால் மீட்கலாம் என்று அவர் நம்பினார். விரலில் ஏற்பட்ட தீரா வலிக்காக மார்ஃபின் எடுத்து அதற்கு அடிமையாகியிருந்த தம் நண்பர் ஃபிளைஷ்லுக்கு அதனைக் கொடுக்கவும் செய்தார். நண்பர் மார்ஃபினையும் விடவில்லை, கொக்கேனுக்கும் அடிமையானார், 1891-இல் இறந்துபோனார். ஒரு போதையை மற்றொரு போதையால் வெட்டப் போய், இரண்டு கட்டுகளில் ஒரு மனிதரைப் பிணைத்த கதை இது.

ஆம்பெட்டமின் 1887-இல் பெர்லினிலும், மெத்தாம்பெட்டமின் 1893-இல் ஜப்பானிய அறிஞர் நாகாய் நாகயோஷியாலும் ஆக்கப்பட்டன. ஜெர்மனியில் 1938 முதல் பெர்விடின் என்ற பெயரில் அம்மாத்திரை கடைகளில் விற்கப்பட்டது. இரண்டாம் உலகப் போரில் படைவீரர்கள் உறங்காமல் முன்னேற அதனை விழுங்கினார்கள். ஜப்பானில் போர் முடிந்தபின் எஞ்சிய மாத்திரைகள் மக்களிடையே பரவி, 1951-இல் தனிச் சட்டமே இயற்ற வேண்டியதாயிற்று. 1961-இல் ஜெர்மனியில் பிறந்த கேப்டகன், 1986-இல் உலகளாவிய கட்டுப்பாட்டுக்குள் கொண்டுவரப்பட்டது. ஆயினும் அதே பெயரில் கள்ளத்தனமாகச் செய்யப்பட்ட மாத்திரைகள் அரபு நாடுகளைச் சூழ்ந்தன. சிரியாவில் அஸத் ஆட்சி 2024 டிசம்பரில் வீழ்ந்தபோது, அவற்றைச் செய்த கூடங்களை உலகமே கண்டது. வளைகுடா நாடுகளில் பிள்ளைகளை வேலைக்கு விட்டிருக்கும் நம் குடும்பங்களுக்கு இச்செய்தி தொலைதூரச் செய்தியன்று.

இனி மருத்துவத்துக்கு வருவோம். அபின் வழிப்பட்ட ஹெராயினுக்கு அடிமையானவர்களுக்கு மெத்தடோன் என்னும் மாற்று மருந்தை நியூயார்க்கில் டோல், நைஸ்வாண்டர் என்ற இருவர் 1965-இல் அறிவித்தார்கள். அது பலருடைய உயிரைக் காத்தது. ஊக்கப் போதைக்கும் அப்படியொரு மாத்திரை கிடைக்கும் என்று பல்லாண்டுகள் தேடினார்கள். எத்தனையோ மருந்துகளைச் சோதித்தார்கள். கொக்கேன் அடிமைத்தனத்துக்கோ மெத்தாம்பெட்டமின் அடிமைத்தனத்துக்கோ மருந்து என்று அமெரிக்க மருந்துக் கட்டுப்பாட்டு நிறுவனம் ஒப்புதல் அளித்த மாத்திரை ஒன்றுகூட இன்றளவும் இல்லை. எனவே மருத்துவர்கள் நோயாளியின் எண்ணத்தையும் பழக்கத்தையும் நோக்கித் திரும்ப வேண்டியவரானார்கள்.

அதற்கான கருவி வேறொரு நோய்க்காக ஏற்கெனவே உருவாகியிருந்தது. ஃபிலடெல்ஃபியாவில் மனநல மருத்துவராயிருந்த ஆரோன் பெக் (1921–2021), ஃபிராய்டின் வழியில் பயின்றவர். 1960-களில், மனச்சோர்வுற்றோரை உற்றுக் கவனித்தபோது ஒன்றைக் கண்டார்: ஒரு நிகழ்ச்சிக்கும் அதனால் எழும் துயருக்கும் இடையே, மின்னல்போல் ஓர் எண்ணம் ஓடி மறைகிறது. அவ்வெண்ணத்தைப் பிடித்து நிறுத்தி, ‘நீ உண்மையா?’ என்று கேட்கப் பழக்கினால் துயர் தணிகிறது. அதனோடு நடத்தையைப் படிப்படியாக மாற்றும் பயிற்சிகளும் சேர்ந்து, காக்னிட்டிவ் பிஹேவியரல் தெரபி என்னும் சிகிச்சை முறை உருவாயிற்று. எண்ணமும் நடத்தையும் சீர்செய்யும் சிகிச்சை என்று தமிழில் கொள்ளலாம்.

சியாட்டில் நகரின் வாஷிங்டன் பல்கலைக்கழகத்தில் ஆலன் மார்லட் இதனைக் குடிநோயாளர்களிடம் கொண்டு சென்றார். அவர் எழுப்பிய கேள்வி எளியது: விடுவதற்கு எல்லோராலும் முடிகிறது, விட்டவன் ஏன் மீண்டும் விழுகிறான்? அவரும் ஜூடித் கார்டனும் தொகுத்த நூல் 1985-இல் வந்தது. அவ்வாண்டுகளில் அமெரிக்க நகரங்களைக் கொக்கேன் சூறையாடிக் கொண்டிருந்தது. யேல் பல்கலைக்கழகத்தில் கத்லீன் கரோல் என்ற அம்மையார் மார்லட்டின் முறையைக் கொக்கேன் அடிமைகளுக்கேற்பச் செப்பனிட்டார். 1991-இல் 42 பேரைக் கொண்டு அவர் குழுவினர் வெளியிட்ட முதல் ஆய்வில், நோய் முற்றியவர்களிடத்தில் இம்முறை சிறந்து விளங்கிற்று. 1994-இல் வந்த ஆய்வின் முடிவு இன்னும் வியப்பானது. சிகிச்சை முடிந்து ஓராண்டு கழித்துப் பார்த்தபோது, மாத்திரை பெற்றவர்களின் நலம் நின்றுபோயிருக்க, இச்சிகிச்சை பெற்றவர்கள் மேன்மேலும் தேறியிருந்தார்கள். மாத்திரை நின்றால் அதன் பலன் நிற்கிறது. கற்ற பாடமோ வீட்டிற்கும் உடன் வருகிறது. 1998-இல் அமெரிக்க அரசின் போதை ஆய்வு நிறுவனம் இம்முறையை ஒரு கையேடாகவே அச்சிட்டு வெளியிட்டது. பன்னிரண்டு வாரங்கள், பன்னிரண்டு முதல் பதினாறு அமர்வுகள்.

அக்கையேட்டின் முறையைப் படிக்கும் ஒரு மதரஸா மாணவனுக்குப் பழைய கிதாபுகள் பல நினைவுக்கு வராமலிரா. ஓர் இளைஞனை எடுத்துக்காட்டாகக் கொண்டு இதனை விளக்குவோம்.

முதலில், அவன் போதையை எடுத்த கடைசித் தடவையைப் பிரித்துப் பார்க்கச் சொல்கிறார்கள். எங்கே இருந்தாய், யாருடன் இருந்தாய், அதற்கு முன் என்ன நினைத்தாய், எடுத்தபின் என்ன கிடைத்தது, என்ன போயிற்று? சம்பள நாள், கையில் ரொக்கம், மேலாளர் ஏசிவிட்டார், ‘எனக்கும் ஓர் ஆறுதல் வேண்டாமா’ என்றோர் எண்ணம், தொலைபேசியில் பழைய நண்பனின் எண். இவ்வாறு சங்கிலியின் கண்ணிகள் ஒவ்வொன்றாக வெளிவருகின்றன. திமிஷ்கில் வாழ்ந்த இமாம் இப்னுல் கய்யிம் (ஹிஜ்ரி 691–751), தம் ‘அல்-ஃபவாயித்’ நூலில் இதே சங்கிலியை வரைந்திருக்கிறார். மனத்தில் தோன்றி மறையும் ‘காத்திர்’ விரட்டப்படாவிட்டால் சிந்தனையாகும், சிந்தனை ஆசையாகும், ஆசை உறுதியாகும், உறுதி செயலாகும், செயல் வழக்கமாகும். வழக்கமானபின் அதனைப் பெயர்த்தெடுப்பது பெரும்பாடு என்பது அவர் கருத்து. கண்ணி எவ்வளவு தொடக்கத்தில் உள்ளதோ அவ்வளவு எளிதில் அறுபடும் என்பதில் திமிஷ்கும் யேலும் ஒன்றுபடுகின்றன.

அடுத்தது வேட்கை. மணியோசை கேட்டதும் எச்சில் ஊறிய பாவ்லவின் நாயைப் போல, அந்தத் தெருமுனையைக் கண்டதும், ரொக்கத்தைத் தொட்டதும் இளைஞனுக்கு உடல் பரபரக்கிறது. தான் தோற்றுவிட்டதாகவே அவன் நினைத்துவிடுகிறான். வேட்கை என்பது அலை, அது உயர்ந்து, பெரும்பாலும் ஒரு மணி நேரத்துக்குள்ளாகவே தாழ்ந்துவிடும் என்று அவனுக்குக் கற்பிக்கிறார்கள். அலையோடு போராடி மூழ்க வேண்டாம்; அதன்மீது மிதந்து கடந்துவிடு என்பது மார்லட்டின் பயிற்சி. ஒவ்வொரு முறை இணங்காமல் கடக்கும்போதும் அடுத்த அலை சற்றே சிறுக்கிறது. நோன்பு நோற்றுப் பழகிய நம் மக்களுக்கு இது புதிய செய்தியன்று. லுஹருக்குப் பின் வாட்டும் தாகம், அஸருக்குப் பின் ஏனோ அடங்கிவிடுவதை நாம் ஆண்டுதோறும் காண்கிறோம்.

மூன்றாவதாக, தொடர்பற்றவை போலத் தோன்றும் சிறு முடிவுகள். இளைஞன் பழைய நண்பனைத் தேடிச் செல்லவில்லை, ‘முடிவெட்ட’த்தான் போனான். அந்தக் கடை மட்டும் ஏன் நண்பன் வீட்டுத் தெருவிலேயே இருக்கிறது? ரொக்கம் எடுத்துப் போனது ‘அவசரத்துக்கு’. ஒவ்வொரு முடிவும் தனியே பார்த்தால் குற்றமற்றது. சேர்த்துப் பார்த்தால் நேர்ப்பாதை. அருள்மறை ஷைத்தானின் வழியைப் பற்றிப் பேசும்போது, ‘குத்துவாத்’ என அடிச்சுவடுகளைப் பன்மையில் சொல்வதன் நயம் இங்கே விளங்குகிறது. தீமைக்கு இட்டுச்செல்லும் வாயிலையே அடைக்கும் ‘ஸத்துத் தராயிஃ’ என்னும் சட்டக் கொள்கையும் இதனை அடுத்தே நிற்கிறது. ஃபிக்ஹில் அதனை ஊருக்கான சட்டமாகப் படிக்கிறோம். சிகிச்சையிலோ ஒருவன் தன் ஒரு நாளைக்கான சட்டமாக அதனை வகுத்துக்கொள்கிறான்.

நான்காவதாக ஒரு சிற்றட்டை. நெருக்கடி வந்தால் யாரை அழைப்பது, எங்கே போவது, எந்த எண்ணத்தை எதிர்நிறுத்துவது என்பவற்றைத் தெளிந்த நேரத்திலேயே எழுதிச் சட்டைப் பையில் வைத்துக்கொள்ளச் சொல்கிறார்கள். இதைப் படித்தபோது எனக்கு அபூ ஸைத் அல்-பல்கீயின் நினைவு வந்தது. இன்றைய வட ஆப்கானிஸ்தானிலுள்ள பல்கைச் சேர்ந்தவர். தத்துவ மேதை அல்-கிந்தியிடம் பயின்றவர். புவியியலார் என்றே பெரிதும் அறியப்பட்டவர். ஹிஜ்ரி 322-இல், அதாவது 934-இல் மறைந்தவர். அவருடைய ‘மஸாலிஹுல் அப்தான் வல் அன்ஃபுஸ்’ உடல்நலத்துக்கு ஒரு பாகமும் உள்ளத்து நலத்துக்கு ஒரு பாகமும் ஒதுக்குகிறது. மருத்துவர்கள் உடலை மட்டும் கவனித்து உள்ளத்தை விட்டுவிடுகிறார்கள் என்று அவர் குறைபட்டுக்கொண்டார். சினம், அச்சம், துயரம், வஸ்வாஸ் என்னும் நான்கையும் தனித்தனியே ஆராய்ந்தார். வீட்டில் அவசரத்துக்கு மருந்துகளைச் சேர்த்து வைப்பதுபோல, உள்ளம் நலமாயிருக்கும் வேளையிலேயே நல்லெண்ணங்களைச் சேர்த்துவைத்து, கொந்தளிக்கும் வேளையில் எடுத்தாள வேண்டும் என்பது அவர் தந்த மருந்து. துயரத்திலும் இரு வகை கண்டார்: காரணம் தெரிந்தது ஒன்று, காரணம் தெரியாமல் உடலின் கேட்டிலிருந்து எழுவது மற்றொன்று. பின்னதற்கு உடல் மருத்துவமே வேண்டும் என்றார்.

இந்நூலின் கையெழுத்துப் பிரதி இஸ்தான்புல்லில் இருந்தது. 1984-இல் ஃபுஆத் ஸெஸ்கின் அதனைப் படிமமாக அச்சிட்டார். உள்ளத்தைப் பற்றிய பாகத்தை ஆங்கிலத்தில் பெயர்த்து 2013-இல் வெளியிட்டவர், சூடானைச் சேர்ந்த உளநூல் பேராசிரியர் மாலிக் பத்ரீ. மதுவிலக்கில் இஸ்லாம் கண்ட வெற்றியைப் பற்றி 1976-இலேயே நூலெழுதியவர் அவர். பெக் மறைந்த அதே 2021-இல் அவரும் மறைந்தார்.

இத்தகைய செய்தி கிடைத்தால் நம் மேடைகளில் உடனே, ‘மேனாட்டார் கண்டதெல்லாம் நம்மிடமிருந்து திருடியதே’ என்று முழங்குவார்கள். அது சரியன்று. பெக் அல்-பல்கீயைப் படித்துத் தம் முறையைக் கண்டதாகக் கூறச் சான்றில்லை. அல்-பல்கீயும் கொக்கேனைக் கண்டவரல்லர். அவர் எழுதியது அறிவுரை. யேலில் நடந்தது சோதனை. ஒரு குழுவுக்குக் கொடுத்து, மற்றொரு குழுவுக்கு வேறொன்றைக் கொடுத்து, சிறுநீரைச் சோதித்து, ஓராண்டு காத்திருந்து கண்ட முடிவு. நம் முன்னோர் விதைத்து வைத்ததை நாம் ஆயிரம் ஆண்டுகள் உறையிலிட்டுப் பூட்டி வைத்திருந்தோம் என்பதே இவ்வரலாற்றில் எனக்கு உறுத்தும் பகுதி.

சோதனை என்பது நாம் விரும்பாததையும் சொல்லும். 487 கொக்கேன் நோயாளிகளைக் கொண்டு பல ஊர்களில் நடத்தப்பெற்று 1999-இல் வெளியான பெரிய ஆய்வில், பெக் வழி வந்த சிகிச்சையைவிடப் போதை ஆலோசகர்களின் நேரடியான எளிய வழிகாட்டலே முந்தி நின்றது. சிறுநீர்ச் சோதனையில் போதை இல்லையென்று தெரிந்தால் சிறு பரிசு தரும் முறை இன்னொன்று உண்டு. ஊக்கப் போதைக்கு இன்று மிக வலுவான சான்று உள்ளது அதற்கே. 2006-இல் வெளிவந்த ஓர் ஒப்பீட்டில், சிகிச்சை நடக்கும் நாள்களில் பரிசு முறை முந்தியது. அது முடிந்தபின் வந்த மாதங்களில் இரண்டும் ஏறக்குறையச் சமமாயின. ஆகவே இரண்டையும் இணைத்துக் கொடுப்பதே முறை என்று பல மருத்துவர்கள் கருதுகிறார்கள். எட்டுப் பத்து வயதில் குர்ஆன் ஓதி முடித்த பிள்ளைக்கு இனிப்பு வழங்கும் நம்மவர், வளர்ந்தவனுக்குப் பரிசா என்று முகஞ்சுளிக்க வேண்டியதில்லை.

கடைசிப் பாடமே குடும்பங்களுக்கு மிக நெருங்கியது. மூன்று மாதம் விட்டிருந்த இளைஞன் ஒரு நாள் சறுக்கிவிடுகிறான். அந்த ஒரு சறுக்கலைவிட, அதையடுத்து அவனுள் எழும் எண்ணமே கொடியது என்று மார்லட் கண்டார்: ‘எல்லாம் போயிற்று, நான் தேறாதவன், இனி எதற்காக அடக்குவது?’ இவ்வெண்ணமே ஒரு நாள் சறுக்கலை ஓராண்டு வீழ்ச்சியாக்குகிறது. இமாம் கஸ்ஸாலீ (ரஹ்) ‘இஹ்யா’வின் தவ்பாப் பகுதியில் மீள்வோரை நான்கு படித்தரமாகப் பிரிக்கிறார். இறுதிவரை உறுதியாய் நிற்பவர் முதற்படி. சிறு பிழைகள் நேர, அவற்றுக்காகத் தம்மையே கடிந்துகொள்பவர் அடுத்தபடி. சில காலம் நின்று, பின் ஒரு வேட்கையால் வெல்லப்பட்டு, அதற்காக வருந்தி, மீளவே விரும்புபவர் மூன்றாம் படி. வருத்தமே இன்றித் திரும்பி மூழ்குபவர்தாம் கடைசிப்படி. மூன்றாம் படியில் நிற்பவனை நம் வீடுகளில் நாமே கையைப் பிடித்து நான்காம் படிக்கு இறக்கிவிடுகிறோம். ‘தவ்பாச் செய்தாயே, அல்லாஹ்வையே ஏமாற்றிவிட்டாயே’ என்று சொல்லும் வாய், ‘இன்று என்ன நடந்தது, எந்தத் தெருவில் தொடங்கியது?’ என்று கேட்பதில்லை.

நடைமுறைச் செய்திகள் சிலவும் சொல்ல வேண்டும். போதை நின்ற முதல் நாள்களில் அவன் பகலிரவாக உறங்குவான். எழுந்தால் உலகமே இருண்டிருக்கும். உயிரை மாய்த்துக்கொள்ளும் எண்ணமும் வரலாம். அதைச் சோம்பல் என்று ஏசக் கூடாது. அல்-பல்கீ சொன்ன இரண்டாம் வகைத் துயரம் அது. மார்புவலியோ, யாரோ கொல்ல வருகிறார்கள் என்னும் மிரட்சியோ கண்டால், முதலில் அரசு மருத்துவமனைக்கு, மற்றவை பிறகு. ஓதிப் பார்ப்பதும் துஆச் செய்வதும் நம் கடமை. ஆனால் தாயத்துக் கட்டி அறையில் பூட்டிவைப்பதைச் சிகிச்சை என்று நம்பி மாதங்களைக் கழிப்பது, வெள்ளம் தலைக்கு மேல் போகும்வரை காத்திருப்பதாகும்.

1980-களில் லாஸ் ஏஞ்சல்ஸில் ஊக்கப் போதைக்கென்றே அமைத்த ‘மேட்ரிக்ஸ்’ முறையில், பெற்றோரையும் மனைவியையும் வகுப்பில் உட்காரவைத்து இவற்றைக் கற்பித்தார்கள். யேலின் கையேட்டிலும் குடும்பத்தாரில் ஒருவரை உடனழைத்துவர ஓர் அமர்வு உண்டு. அங்கே அவர்களுக்குத் தரப்படும் வேலைகள் மிகச் சாதாரணமானவை: சம்பளப் பணத்தைச் சில காலம் வேறொருவர் வாங்கி வைத்தல், அவன் தொலைபேசி எண்ணை மாற்றுவதற்குத் துணைநிற்றல், வெள்ளிக்கிழமை மாலை போன்ற ஆபத்தான வேளைகளில் அவனைத் தனியே விடாமல் எங்காவது அழைத்துச் செல்லுதல், இரவு எத்தனை மணிக்கு அழைத்தாலும் எடுக்கும் ஒருவரின் பெயரை அந்தச் சிற்றட்டையில் எழுதித் தருதல்.